எட்டாவது வரி

எங்கள் வீட்டுக்கு முதல்முறையாக வருகிறவர்கள் உட்கார்ந்ததும் பார்ப்பது டிவிக்கு மேலே மாட்டியிருக்கும் அந்தப் போட்டோவைத்தான். நான்காம் எண் ஜெர்சி போட்டுக்கொண்டு, ஒரு மேஜைமேல் லேசாகக் குனிந்து, கையில் பேனாவோடு கேமராவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருக்கிறேன். மேஜையில் பாஸ்கெட்பால் ஸ்கோர் ஷீட். தலை நிறைய முடி. வயிறு என்ற ஒன்று இல்லவே இல்லை. ஆபீசில் என்னோடு வேலை பார்க்கும் ஒருவர், ஏதோ ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போடும் மந்திரி மாதிரி இருக்கிறீர்களே என்றார். கேலிதான், ஆனாலும் எனக்கு உள்ளுக்குள் இனித்தது. படத்தின் இடது ஓரத்தில், என் தோளுக்குப் பின்னால், யாருடைய முழங்கையோ கொஞ்சம் தெரியும். கிழக்கேகோட்டை ஸ்டுடியோவில் சட்டத்தின் அளவுக்கு வெட்டச் சொன்னபோது வெட்டுக்குத் தப்பிய முழங்கை. இது யார் கை என்று என் மகள் சின்ன வயதில் கேட்டிருக்கிறாள். டீமில் யாரோ என்று சொல்லியிருக்கிறேன்.

டீம் என்று சொல்லும்போதே எனக்குச் சிரிப்பு வருகிறது. திருவனந்தபுரத்தில் எங்கள் கிளப்புக்குப் பெயர் உண்டு, பந்தா அதைவிட உண்டு. ஷட்டில் ஆடக் கூரை போட்ட ஹால், டென்னிஸுக்கு இரண்டு கோர்ட், டேபிள் டென்னிஸ், பில்லியர்ட்ஸ், எல்லாவற்றுக்கும் மேலாகக் குளிரூட்டிய சீட்டாட்ட அறை. மெம்பர்களில் முக்கால்வாசிப் பேர் ஆடிய ஒரே விளையாட்டு அந்த அறையில் உட்கார்ந்தபடி ஆடுவதுதான். ஆனால் கிளப் இருந்தது குத்தகை நிலத்தில். ஒரு குழு விளையாட்டாவது நடக்க வேண்டும், போட்டிகளில் கலந்துகொள்ள வேண்டும் என்று குத்தகைப் பத்திரத்தில் ஒரு நிபந்தனை. அந்த ஒரு வரிக்காகத்தான் ஆண்கள் பாஸ்கெட்பால் டீம் என்று நாங்கள் பன்னிரண்டு பேர் உயிரோடு வைக்கப்பட்டிருந்தோம். ஹாலுக்கும் காம்பவுண்டுச் சுவருக்கும் நடுவில் ஒரு சிமெண்ட் தரை எங்களுக்கு. கல்யாண சீசனில் அதுவும் கார் நிறுத்துமிடம். ஃப்ரீ த்ரோ கோட்டின்மேல் யாரோ ஒரு டாக்டரின் கார் ஒழுகவிட்ட எண்ணெய்க் கறை நான் ஆடிய காலம் முழுக்கப் போகவே இல்லை.

நாங்கள் மெம்பர்கள் அல்ல, ஆட்டக்காரர்கள். இந்த வித்தியாசம் எங்களுக்கு மறந்துவிடக் கூடாது என்று கிளப் மிகுந்த கவனம் எடுத்துக்கொண்டது. முன்வாசல் வழியாக வரக் கூடாது, பக்கத்து இரும்பு கேட் வழியாக வர வேண்டும். வேர்த்த உடம்போடு பிரம்பு நாற்காலிகளில் உட்காரக் கூடாது. டீ வேண்டுமென்றால் கேன்டீனின் பின்பக்க ஜன்னலில் நின்று வாங்கிக் குடிக்கலாம். மெம்பர்களுக்குப் பீங்கான் கோப்பை, எங்களுக்குக் கண்ணாடி கிளாஸ். வருடாந்திரக் கூட்டத்தன்று மட்டும் எங்களை ஜெர்சி போட்டு வரிசையாக நிற்கவைத்துக் கைதட்டுவார்கள். கல்யாண வீட்டுக்கு வாடகைக்கு எடுத்த அண்டா குண்டா மாதிரி, கூட்டம் முடிந்ததும் இருந்த இடத்துக்கே திரும்பிப் போக வேண்டியதுதான். இதையெல்லாம் ஒரு பெருமையாக நினைத்து ஐந்து வருஷம் நான் கேப்டனாக இருந்தேன் என்பதைச் சொல்லவே கூச்சமாக இருக்கிறது.

இந்த மேளத்துக்கெல்லாம் தாளம் போட்டவர் கிளப் செக்ரட்டரி. சாலைக் கடைத்தெருவில் மூன்று தலைமுறையாக இரும்புச் சாமான் வியாபாரம். பூர்வீகம் திருநெல்வேலிப் பக்கம் என்பதால் தமிழ் ஆட்டக்காரர்களான எங்களுக்கு அவர் அண்ணாச்சி. மலையாளிகளுக்கு சார். பாஸ்கெட்பாலில் ஒரு கூடைக்கு எத்தனை புள்ளி என்று கேட்டால் யோசிப்பார், ஆனால் டீமின் மேனேஜர், கோச், தேர்வாளர் எல்லாம் காகிதத்தில் அவரே. காகிதம்தான் அவருடைய மைதானம். அவருடைய ஆங்கிலக் கையெழுத்து அச்சு மாதிரி இருக்கும். அதை நாலு பேர் பார்க்க வேண்டும் என்பதற்காகவே எதையாவது எழுதிக்கொண்டிருப்பார். கோச் என்று பெயருக்கு இருந்தாலும் ஆட்டத்தன்று கிளப் பிரசிடெண்ட் பக்கத்தில் சோபாவில் உட்கார்ந்துகொள்வார். கோச் இல்லாத டீமுக்குக் கேப்டன்தான் கோச் என்பது விதி. அதனால் ஐந்து வருஷமும் ஸ்கோர் ஷீட்டில் ஆட்களைச் சரிபார்த்து, முதலில் இறங்கும் ஐந்து பேருக்கு நேராகப் பெருக்கல் குறி போட்டு, கையெழுத்தும் போட்டவன் நான். அண்ணாச்சி எங்களுக்கு இட்ட கட்டளை ஒன்றே ஒன்று. "ரெஃபரி மேசைக்கிட்ட கேப்டன் மட்டும் வாயைத் தொறந்தாப் போதும். மத்தவன் எவனாவது பேசினா கிளப்போட மானம் போவும், கேட்டியா."

அவருக்கு ஒரு வினோதமான பழக்கம் இருந்தது. மற்ற டீம்கள் ஜெயித்த பிறகு குரூப் போட்டோ எடுக்கும். அண்ணாச்சி ஆட்டத்துக்கு முன்பே எடுத்துவிடுவார். தோற்ற பிறகு எடுத்தால் முகம் செத்துப்போய்விடும் என்பது அவருடைய கணக்கு. எங்கள் மேல் அவ்வளவு நம்பிக்கை. போட்டோவில் நிற்கிற வரிசையிலேயே பெயர்களைத் தன் அழகான கையெழுத்தில் குறித்துக்கொள்வார். பிறகு அதே தாளைப் பார்த்து, ஜெர்சி எண்படி வரிசையை மாற்றி, ஸ்கோர் மேஜைக்குக் கொடுக்கும் பட்டியலை எழுதுவார். ஒரே பெயரை எதற்கு இரண்டு தடவை விசாரிக்க வேண்டும் என்பார். வேறு எந்த ஊரிலாவது போட்டோவைப் பார்த்து டீம் எழுதும் கோச் இருந்திருப்பாரா என்று எனக்குத் தெரியவில்லை.

எங்கள் பன்னிரண்டு பேரில் உண்மையில் ஆடத் தெரிந்தவன் ஒருவன்தான். பதினொன்றாம் எண். நாங்கள் அவனை வித்துராக்காரன் என்போம். பெற்றோர் போணக்காட்டுப் பக்கம் தேயிலை கிள்ளிய தமிழர்கள். பிறகு குடும்பம் வித்துரா சந்தைக்குப் பக்கத்தில் இறங்கி வந்துவிட்டது. அங்கிருந்து நெடுமங்காடு வழியாக பஸ் பிடித்து வாரத்துக்கு மூன்று நாள் பயிற்சிக்கு வருவான். பேச்சு குறைவு. பேசினால் பாதி தமிழ், பாதி மலையாளம். ஆறடிக்கு மேல் உயரம், ஆனால் உயரமானவர்களுக்கு வரும் சோம்பல் இல்லை. பந்து வளையத்தில் பட்டு எந்தப் பக்கம் தெறிக்கும் என்பது அவனுக்கு மட்டும் ஒரு நொடி முன்னாடியே தெரிந்துவிடும். நாங்கள் எல்லோரும் பந்து விழுந்த இடத்துக்கு ஓடுவோம். அவன் விழப்போகிற இடத்தில் நின்றுகொண்டிருப்பான்.

அவனுக்கு வேண்டியிருந்தது ஒரு சான்றிதழ். விளையாட்டு ஒதுக்கீட்டில் அரசு வேலைக்கு மனுப் போட மாநில அளவிலான ஒரு போட்டியில் களத்தில் இறங்கி ஆடியதற்கான சான்றிதழ் வேண்டும். அந்த வருஷம்தான் அவனுக்கு வயது வரம்பின் கடைசி வருஷம். அதன் மதிப்பு என்னவென்று எனக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. இரண்டு வருஷம் முன்னால் அதே ஒதுக்கீட்டில், அப்படியொரு காகிதத்தைக் காட்டித்தான் நான் வேலைக்குச் சேர்ந்திருந்தேன். என் காகிதத்தில் இருந்த ஆட்டத்தில் நான் இறங்கியது மொத்தம் நான்கு நிமிஷம்.

அந்த வருஷம் மாவட்ட லீகில் எங்கள் கிளப் ஜெயித்தது, அதாவது அவன் ஜெயித்தான். மறுநாள் மலையாளப் பத்திரிகையின் உள்ளூர்ப் பக்கத்தில் அவன் காற்றில் நிற்கிற படம், கீழே அவன் பெயர். கேப்டன் என்று ஒரு பேச்சுக்குக்கூட என் பெயர் இல்லை. சாலையில் அண்ணாச்சியின் கடைக்குப் போனபோது பத்திரிகையைக் கல்லாவில் விரித்துவைத்திருந்தார். "கேப்டன் ஆருன்னு பேப்பர்காரனுக்குத் தெரியல்லயே எடே" என்று சொல்லிச் சிரித்தார். நானும் சிரித்தேன். ஸ்ரீவராகத்தில் எங்கள் தெருவிலும் இரண்டு பேர் அந்தப் படத்தைக் காட்டி, இந்த உயரமான பையன் உங்கள் டீமா என்று விசாரித்தார்கள்.

லீகில் ஜெயித்ததால் மாநில கிளப் போட்டிக்குத் தகுதி கிடைத்தது. முதல் சுற்று எங்கள் கிளப்பிலேயே. தோற்றால் வெளியே. அன்று மாலை நான்கு மணிக்கு முன்னதாகவே கார்களையெல்லாம் அப்புறப்படுத்தி, சோபா போட்டு, பிரசிடெண்டும் குடும்பத்தோடு வந்து உட்கார்ந்தார். அவருடைய மருமகன் மஸ்கட்டிலிருந்து லீவில் வந்திருந்தார். பள்ளிக்கூடத்தில் பாஸ்கெட்பால் ஆடியதாக அவரே சொல்லிக்கொண்டார். இரண்டு முழங்காலிலும் உறை, நெற்றியில் பட்டை, பெட்டி பிரிக்காத வாசனையோடு ஷூ. பார்க்க வந்த மனுஷனுக்கு எதற்கு இத்தனை ஜோடனை என்று நான் யோசித்துக்கொண்டிருக்கும்போதே அண்ணாச்சி ஓடி வந்தார். மருமகன் குரூப் போட்டோவில் ஒரு ஆட்டக்காரராக நிற்க ஆசைப்படுகிறார் என்றார். கிளப்பிடம் இருந்தது ஒரே ஒரு செட் ஜெர்சி, நான்கிலிருந்து பதினைந்து வரை பன்னிரண்டு. மருமகனின் உடம்புக்குப் பொருந்தக்கூடியது உயரமானவனின் ஜெர்சி மட்டும்தான்.

வித்துராக்காரன் பதினொன்றாம் எண்ணைக் கழற்றிக் கொடுத்துவிட்டு, பஸ்ஸில் போட்டுவந்த கட்டம் போட்ட சட்டையை மாட்டிக்கொண்டு கம்பத்தின் பக்கத்தில் போய் நின்றான். நாங்கள் பதினோரு பேரும் ஒரு மருமகனும் பல்லைக் காட்டிக்கொண்டு நின்றோம். போட்டோ முடிந்ததும் மருமகன் ஜெர்சியைக் கழற்றி ஒரு விரலால் தூக்கி அவன் கையில் கொடுத்துவிட்டு, ஏசி உள்ள அறையைத் தேடிப் போனார். அண்ணாச்சி வழக்கம்போல் படத்தில் நின்றவர்களின் பெயரை எழுதினார். வழக்கம்போல் அதிலிருந்தே மேஜைக்கான பட்டியலையும் எழுதினார். பதினொன்றுக்கு நேராக மருமகனின் பெயர், அந்த அச்சு மாதிரியான கையெழுத்தில்.

நான் மேஜைக்குப் போனேன். பெருக்கல் குறிகள் போட்டேன், கையெழுத்துப் போட்டேன். அந்தத் தருணத்தில் கிளப் போட்டோகிராபர் எடுத்ததுதான் என் வீட்டுச் சுவரில் இருக்கும் படம்.

அன்றைய ஆட்டத்தைப் பற்றி இன்னும் நாலு பேர் பேசுகிறார்கள். எதிரணி கோட்டயத்துக்காரர்கள், எங்களை மென்று துப்ப வந்தவர்கள். வித்துராக்காரன் ஒருத்தனாகவே அவர்களைக் கடைசி நிமிஷம் வரை இழுத்துக்கொண்டு போனான். எண்ணெய்க் கறையின் மேல் கால் வைக்காமல் ஃப்ரீ த்ரோ போட ஒரு தினுசாகச் சாய்ந்து நிற்பான், அன்று அப்படி நின்று போட்ட ஒன்றுகூடத் தவறவில்லை. கடைசியில் பந்தை நான் இரண்டு தடவை கோட்டைவிட்டேன். மூன்று புள்ளியில் தோற்றோம். மைக்கில் எங்கள் ஆள் ஒருவர் எண்ணை மட்டும் சொல்லிக்கொண்டிருந்தார். பதினொன்று, மறுபடியும் பதினொன்று. சோபாவில் மருமகன் சிப்ஸ் தின்றுகொண்டிருந்தார். மறுநாள் பத்திரிகையில் படம் இல்லை, நாலே வரிச் செய்தி. அதிகப் புள்ளி எடுத்தவர் என்று மருமகனின் பெயர் போட்டிருந்தது. பிரசிடெண்ட் வீட்டில் லட்டு கொடுத்ததாகக் கேள்விப்பட்டேன். தப்பாக வந்திருக்கிறது என்று அந்தக் குடும்பத்தில் ஒரு ஆளுக்குக்கூடச் சொல்லத் தோன்றவில்லை. மனுஷனுக்கு வெட்கம் இப்படியா அற்றுப்போகும்.

இரண்டு மாதம் கழித்துச் சான்றிதழ்கள் வந்தன. ஷீட்டில் உள்ள பெயருக்குத்தான் சான்றிதழ். மருமகன் அதற்குள் மஸ்கட் போய்விட்டார், அவர் சார்பில் மாமனார் வாங்கிக்கொண்டார். அது இன்றைக்கும் அவர் வீட்டு முன்னறையில் கண்ணாடிக்குள் இருக்கிறது, நானே பார்த்திருக்கிறேன். வித்துராக்காரனின் பெயரில் ஒன்றும் இல்லை. அண்ணாச்சி கையை விரித்தார். "எழுதியாச்சு, ரெஃபரியும் ஷீட்டுல ஒப்புப் போட்டாச்சு. இனி எங்கிட்ட என்ன இருக்கு எடே? அடுத்த வருசம் பாப்போம்." அவனுக்கு அடுத்த வருஷம் என்ற ஒன்று இல்லை என்பது அவருக்கும் தெரியும். அவர் எழுதியதைப் பற்றி அவருக்கு ஒரு துளி வருத்தமும் இல்லை. எழுத்து அழகாக இருந்ததல்லவா. கேப்டன் நடந்ததை எழுதிக் கொடுத்தால் மாநில பாஸ்கெட்பால் சங்கத்தில் பார்க்கலாம் என்று யாரோ சொன்னதாகவும் காதில் விழுந்தது. எழுதியவர் செக்ரட்டரி, அவரல்லவா எழுதிக் கொடுக்க வேண்டும் என்று நான் இருந்துவிட்டேன்.

சான்றிதழ்கள் வந்த அன்று கேன்டீன் ஜன்னல் பக்கம் வித்துராக்காரன் என்னிடம் வந்தான். கையில் டீ கிளாஸ் இருந்தது, குடிக்கவில்லை. அழுவான், அல்லது அண்ணாச்சியைத் திட்டுவான் என்று எதிர்பார்த்தேன், ஆறுதலுக்கு இரண்டு வாக்கியமும் தயாராக வைத்திருந்தேன். அவன் ஒன்றே ஒன்று கேட்டான்.

"கேப்டன், ஒப்புப் போடும்போ நீங்க பேரு நோக்கினீங்களா?"

"நம்பரைத்தான்டா பாத்தேன். பேரை யாரு பாக்கா?"

அவன் "செரி கேப்டன்" என்றான். கிளாஸை ஜன்னலில் வைத்துவிட்டு, நெடுமங்காடு பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று இரும்பு கேட் வழியாகப் போனான். அதற்குப் பிறகு பயிற்சிக்கு வரவில்லை. இப்போது வித்துராவில் கோழித்தீவனக் கடை வைத்திருக்கிறான். பொன்முடி மலைக்குக் குடும்பத்தோடு போகும்போது அந்தக் கடையைக் கடந்துதான் போக வேண்டும். காரை நிறுத்தியதில்லை.

இத்தனை வருஷமும் இந்தக் கதையை நான் பல பேரிடம் சொல்லியிருக்கிறேன். கதையில் அயோக்கியன் எப்போதும் அண்ணாச்சிதான். போட்டோவைப் பார்த்து டீம் எழுதிய அந்த மனுஷனைப் போல நடித்தும் காட்டுவேன், கேட்பவர்கள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். அவருக்கு அடுத்தபடி மருமகன், அவருடைய முழங்கால் உறை, மாமனாரின் லட்டு. இந்தக் கூட்டத்தை நினைத்தாலே எனக்குக் குமட்டும் என்று சொல்லி முடிப்பேன். அப்படிச் சொல்லிவிட்டு அந்தக் கிளப்பில் மெம்பரும் ஆனேன். இப்போது நான் முன்வாசல் வழியாகத்தான் போகிறேன். பீங்கான் கோப்பைதான்.

போன மாதம் கிளப்பின் வாட்ஸாப் குழுவில் ஒரு படம் வந்தது. பழைய போட்டோகிராபர் ஒரு சிடியைத் தேடி எடுத்து அண்ணாச்சியிடம் கொடுத்திருக்கிறார். எண்பதைத் தொட்ட அண்ணாச்சி, நம் கேப்டனைப் பாருங்கள் என்று எழுதி அதைக் குழுவில் போட்டுவிட்டார். என் வீட்டுச் சுவரில் இருக்கும் அதே படம், ஆனால் வெட்டப்படாதது. ஆபீசில் ஃபைல்களுக்கு நடுவே இரண்டு விரலால் அதைப் பெரிதாக்கினேன். முதலில் என் முடியைத்தான் பார்த்தேன். பிறகு கீழே நகர்த்தினேன்.

ஷீட் துலக்கமாகத் தெரிந்தது. நான்கில் தொடங்கும் பட்டியலில் எட்டாவது வரி பதினொன்று. மருமகனின் பெயரின் ஒவ்வொரு எழுத்தையும் படிக்க முடிந்தது. என் பேனா முனை அந்த வரியில் பெருக்கல் குறியின் இரண்டாவது கோட்டில் இருந்தது. என் இடது கையின் ஆள்காட்டி விரல் அந்தப் பெயருக்கு அடியில், எழுத்துக்கூட்டிப் படிக்கிறவன் வைப்பதுபோல் வைக்கப்பட்டிருந்தது. எண்ணை மட்டும் பார்க்கிறவன் விரலை அங்கே வைக்க மாட்டான்.

நான் படித்தேன். அது எனக்கு எப்போதும் தெரியும். படித்தேன், அண்ணாச்சியைக் கூப்பிடத் தலையை நிமிர்த்தினேன். ஆட்டம் தொடங்க இன்னும் பத்து நிமிஷம் இருந்தது. பெயரை அடித்துவிட்டுச் சரியான பெயரை எழுத அரை நிமிஷம் போதும். அந்த நேரம் போட்டோகிராபர் இங்கே பாருங்கள் என்றார். நான் பார்த்தேன். நாளைக்குப் பத்திரிகையில் அவன் பெயர் வராது என்று ஒரு நினைப்பு வந்தது, சிரிப்பும் வந்தது. அந்தச் சிரிப்பைத்தான் சட்டம் போட்டு டிவிக்கு மேலே மாட்டிவைத்திருக்கிறேன். அண்ணாச்சி கவனிக்காமல் எழுதினார், மருமகன் கேட்காமல் வாங்கிக்கொண்டார். கவனித்துவிட்டுக் குறி போட்டவன் நான் ஒருவன்தான்.

படத்தை இடது பக்கம் நகர்த்தினேன். அந்த முழங்கைக்கு உடையவன் முழுதாக நின்றுகொண்டிருந்தான். பதினொன்றாம் எண் ஜெர்சி, அப்போதுதான் திரும்பக் கிடைத்தது. கேமராவை அவன் பார்க்கவில்லை. என் தோளுக்கு மேலாகக் குனிந்து ஷீட்டைப் பார்த்துக்கொண்டிருக்கிறான், என் விரல் இருக்கும் இடத்தை. மேஜையருகே கேப்டன் மட்டும்தான் வாயைத் திறக்கலாம் என்பது கட்டளை. நான் திறப்பேன் என்று அவன் காத்துக்கொண்டு நின்றான். இரண்டு மாதம் கழித்து ஜன்னல் பக்கம் வந்து, பெயரைப் பார்த்தீர்களா என்று கேட்டவன் பதில் தெரிந்துதான் கேட்டிருக்கிறான்.

குழுவில் அந்தப் படத்துக்குக் கீழே வரிசையாக வந்துகொண்டிருந்தது. பொற்காலம் என்றார் ஒருவர். மஸ்கட்டிலிருந்து மருமகன் ஒரு இதயம் அனுப்பியிருந்தார். பின்னால் நிற்பது யார் என்று யாரும் கேட்கவில்லை. வித்துராக்காரன் அந்தக் குழுவில் இல்லை, அவனை யாரும் சேர்க்கவில்லை. அவன் கடையின் பெயர்ப் பலகையில் இருக்கும் நம்பர் என் போனில் இருக்கிறது. குழுவுக்கு அட்மின் மூன்று பேர், அதில் ஒருவன் நான். கொஞ்ச நேரம் அந்த நம்பரைப் பார்த்துக்கொண்டிருந்தேன். அதற்குள் அண்ணாச்சி, கேப்டன் ஒன்றும் சொல்லவில்லையே என்று கேட்டுவிட்டார். நானும் ஒரு கட்டைவிரலை உயர்த்திப் போட்டேன்.